அய்யா வைகுண்டரின் சிறை நாட்களும் அவற்றின் நினைவும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

களியக்காவிளை எல்லைக்கு இப்புறமும் அப்புறமும் உள்ள நிழல் தாங்கல்களில், அதாவது அய்யா வழி வழிபாட்டிடங்களில், திருஏடு எனப்படும் அகிலத்திரட்டு அம்மானையைப் பல ஆண்டுகளாக வாசித்து வருகிறேன். அய்யா சிறை கண்ட பகுதி வாசிக்கப்படும் நாளில், பணிவிடை என்னும் பூசை முடிந்து இனிமமாகிய பிரசாதம் வழங்கும் நேரத்தில், பெரியவர்களும் பிள்ளைகளும் என்னிடம் வந்து ஐயங்களைக் கேட்பார்கள். ஊர் மாறினாலும் ஐயங்கள் பெரும்பாலும் மாறுவதில்லை. ஒருவருக்கு நின்றுகொண்டே சொன்ன அரைகுறை விடை மற்றொருவரிடம் வேறு விதமாகப் போய்ச் சேர்வதைக் கண்டபின், கேட்டவர்களின் சொற்களிலேயே கேள்விகளை எழுதி, எனக்கு உறுதியாகத் தெரிந்த அளவில் விடைகளைத் தொகுத்திருக்கிறேன்.

அய்யா வைகுண்டர் யார்? எங்கள் வீட்டுக்கு வந்த மருமகள் வேறு மாவட்டத்துக்காரி, அவளுக்குப் புரியும்படி சுருக்கமாகச் சொல்லுங்கள்.

கன்னியாகுமரிக்கு அருகில், இன்று சாமித்தோப்பு என வழங்கும் ஊரில் 1809ஆம் ஆண்டு பொன்னுமாடனுக்கும் வெயிலாளுக்கும் பிறந்தவர் அவர். பெற்றோர் இட்ட பெயர் முடிசூடும் பெருமாள். தாழ்த்தி வைக்கப்பட்ட குலத்தில் பிறந்த பிள்ளைக்கு முடியும் பெருமாளும் சேர்ந்த பெயர் ஆகாது என்று மேல்சாதியார் தடுத்ததால் முத்துக்குட்டி என்று மாற்ற வேண்டியதாயிற்று. பிள்ளைக்குப் பெற்றோர் விரும்பிய பெயரை வைக்கக்கூட உரிமை இல்லாத நாடாகத் தென் திருவிதாங்கூர் அன்று இருந்தது என்பதை இந்த ஒரு செய்தியிலிருந்தே மருமகள் புரிந்துகொள்வாள்.

இருபத்து நான்காம் வயதில் கடும் நோயுற்றிருந்த அவரை மாசித் திருவிழாவுக்குத் திருச்செந்தூருக்குக் கொண்டுசென்றார்கள். அங்கே கடலுக்குள் சென்றவர், திருவிதாங்கூரில் வழங்கிய கொல்லம் ஆண்டு 1008 மாசி 20 அன்று, அதாவது 1833ஆம் ஆண்டில், வைகுண்டராக வெளிவந்தார் என்பது அன்புக்கொடி மக்கள் எனப்படும் அய்யா வழியினரின் நம்பிக்கை. அதன்பின் சாமித்தோப்பில் தவம் இருந்து, சாதி வேற்றுமை இன்றி வந்தவர்களையெல்லாம் கூட்டி அறம் உரைத்தார். 1851ஆம் ஆண்டு வைகாசியில் வைகுண்டம் ஏகினார். இன்று மாசி 20 கன்னியாகுமரி மாவட்டத்தில் உள்ளூர் விடுமுறை நாளாக இருக்கிறது.

அவரைப் பிடித்துச் சிறையில் போடும் அளவுக்கு அப்படி என்ன குற்றம் செய்தார்?

அக்காலத்து வரிகளையும் ஊழியத்தையும் அறியாமல் இக்கேள்விக்கு விடை காண இயலாது. உழைக்கும் மக்கள் தலைக்கு வரி கட்டினார்கள், பனைக்கு வரி கட்டினார்கள். கூலி இல்லாமல் அரசுக்கும் கோயிலுக்கும் ஊழியம் செய்தார்கள். தாலி தொடங்கிச் சருகு வரைக்கும் ஆயம் என்னும் வரி விதிக்கப்பட்டதை அகிலத்திரட்டு அம்மானை அடுக்கி அடுக்கிச் சொல்லும் இடத்தில், வாசிப்பவரின் குரல் தானாகவே தழுதழுத்துப் போகும். பெண்கள் மாராப்பு அணிந்ததற்காக 1820களில் அடிபட்டார்கள். 1859இல் அரசு விளம்பரம் வந்த பிறகே அவர்களுக்கு மேலாடை உரிமை கிட்டியது. இவ்வளவும் நடந்த நாட்டில், அரசனைக் கலிநீசன், அதாவது கலியின் தீயவன், என்று வெளிப்படையாகச் சொன்னவர் அய்யா.

சொன்னதோடு அவர் நிற்கவில்லை. ஒரே கிணற்றில் பதினெட்டுச் சாதியும் நீர் இறைக்கச் செய்தார். அதுவே முத்திரிக் கிணறு. ஒரே பந்தியில் உணவு உண்ணச் செய்தார். அடிமைப்பட்ட ஆண்கள் தலையில் துணி கட்டக் கூடாது என்றிருந்த காலத்தில், தலைப்பாகை கட்டி வழிபடச் சொன்னார். கூட்டம் நாளுக்கு நாள் பெருகியதைக் கண்டு அஞ்சியவர்கள் அரசரிடம் முறையிட்டார்கள். சாமியாடினார் என்பதற்காகச் சிறை வைத்தார்கள் என்று சிலர் எளிதாகச் சொல்லிவிடுகிறார்கள். ஆனால் சாமியாடிகள் அன்று ஊர்தோறும் இருந்தார்கள். அவர்களை எந்த அரசும் தேடி வரவில்லை.

எங்கே, எவ்வளவு நாள் சிறை இருந்தார்?

அவரைப் பிடித்து முதலில் சுசீந்திரத்துக்கும், பின்பு அங்கிருந்து திருவனந்தபுரத்துக்கும் கொண்டு சென்றார்கள். திருவனந்தபுரம் சிங்காரத்தோப்பில் அவர் அடைக்கப்பட்டார். 1838ஆம் ஆண்டின் கடைசியில் தொடங்கிய சிறைவாசம், நூறு நாட்களுக்கும் மேலாக நீண்டு, கொல்லம் 1014 மாசி 19 அன்று, அதாவது 1839இல், முடிவுற்றது என்பது மரபு. விடுதலையானவரை மக்கள் வாகனத்தில் ஏற்றிச் சாமித்தோப்புக்குச் சுமந்து வந்தார்கள்.

மாசி 19 அன்று திருவனந்தபுரத்திலிருந்தும் திருச்செந்தூரிலிருந்தும் ஊர்வலங்கள் நாகர்கோவில் வந்து சேர்வதும், மறுநாள் அங்கிருந்து சாமித்தோப்புக்குப் பெரும் ஊர்வலம் செல்வதும் இந்நினைவின் தொடர்ச்சியே. திருச்செந்தூர் ஊர்வலம் அவதாரத்தை நினைவூட்டுகிறது, திருவனந்தபுரத்து ஊர்வலம் விடுதலையை நினைவூட்டுகிறது. பாறசாலை வழியாக வரும் ஊர்வலத்துக்கு வழியோரம் நின்று தண்ணீர் கொடுக்கும் நம் ஊர்ப் பிள்ளைகளில் பலருக்கு, அது ஒரு கைதி வீடு திரும்பிய வழி என்பது தெரியாது. அதைச் சொல்லிக்கொடுங்கள்.

பாலில் நஞ்சு, மிளகாய்ப் புகை, பட்டினி போட்ட புலி என்றெல்லாம் ஏட்டில் வருகிறதே, உண்மையில் நடந்ததா, இல்லை பக்தியில் சேர்த்ததா?

எல்லோரும் கேட்கத் தயங்கி, கடைசியில் தாழ்ந்த குரலில் கேட்கும் கேள்வி இது. தயக்கத்துக்குத் தேவை இல்லை. ஏடு ஓர் அம்மானை. உலகம் தோன்றியது முதல் கலி முடிந்து தர்மயுகம் மலர்வது வரை பாடும் பெருநூல். அதில் அய்யா திருமாலின் அவதாரம். அவதாரத்தின் துன்பத்தைப் பாடும்போது நூல் புராண நடையில்தான் பாடும். நஞ்சு அவரைத் தீண்டவில்லை, புலி அவர்முன் அடங்கிக் கிடந்தது என்னும் பகுதிகளை நம்புகிறவர் நம்பிக்கையோடு வாசிக்கட்டும். வரலாறு எழுதுகிறவர், ஏடு இவ்வாறு கூறுகிறது என்று எழுதினால் போதும். இரண்டையும் ஒன்றாகக் குழைத்து, அரசு ஆவணத்தில் புலிக்கூண்டு பதிவாகியிருக்கிறது என்பது போல மேடையில் பேசுவது தவறு. ஒருநாள் ஒரு மாணவன் அந்த ஆவணத்தைக் கேட்பான். காட்ட முடியாதபோது, உண்மையாகவே நடந்த சிறைவாசத்தையும் அவன் சந்தேகிக்கத் தொடங்குவான்.

ஒன்றைக் கவனியுங்கள். இந்த ஏடு பல நூற்றாண்டுகள் கழித்து எவரோ எழுதியது அன்று. அய்யாவின் சீடர் அரி கோபாலன், தாமரைக்குளத்தில் இருந்து, அய்யா விடுதலையான மூன்றாண்டுக்குள் எழுதியது. அவர் எழுதியபோது அய்யா உயிரோடு இருந்தார், உடன் சென்றவர்கள் இருந்தார்கள், வழியில் நின்று அழுதவர்கள் இருந்தார்கள். கைதும் சிறையும் விடுதலையும் கற்பனையாக இருந்திருந்தால், அவர்கள் முன்னிலையில் அந்த ஏட்டை வாசித்திருக்க முடியாது. ஒடுக்கப்பட்ட மக்கள் தம் தலைவர் பட்ட பாட்டைத் தம் மொழியில், தம் கையால், அவர் வாழ்நாளிலேயே எழுதி வைத்தது எவ்வளவு அரிய செய்தி!

என் மனத்தில் புலியைவிட ஆழமாகப் பதிந்திருப்பது வேறோர் இடம். தன் சாதியாரோடு மட்டும் இருந்துகொள்வதாக எழுதிக் கொடுத்தால் விட்டுவிடுகிறோம் என்று அரசுத் தரப்பில் கேட்டதாகவும், அய்யா அதற்கு உடன்படவில்லை என்றும் ஏடு சொல்கிறது. அவர் உடன்பட்டிருந்தால் அன்றே வீடு திரும்பியிருக்கலாம். சிறைக் கதையைப் பிள்ளைகளுக்குச் சொல்கிறவர்கள் புலியோடு நிறுத்திக்கொள்ளாமல் இந்த இடத்தையும் கட்டாயம் சொல்ல வேண்டும்.

ஏட்டைத் தவிர வெளியார் யாரும் அவரைப் பற்றி எழுதவில்லையா?

எழுதியிருக்கிறார்கள், அதுவும் அவரை விரும்பாதவர்கள். மயிலாடியிலும் நாகர்கோவிலிலும் பணி செய்த இலண்டன் மிஷன் சங்கத்தாரின் 1840களின் அறிக்கைகளில் முத்துக்குட்டி என்ற பெயர் வருகிறது. தங்கள் சமயப் பணிக்கு அவருடைய இயக்கம் பெருந்தடையாக இருக்கிறது என்று அவர்கள் மனம் கசந்து எழுதினார்கள். அவர்களுக்கு அய்யாவைப் புகழ வேண்டிய தேவை சிறிதும் இல்லை. ஏடும் வெள்ளையரை வெண்நீசன் என்றே சுட்டுகிறது. ஒருவரையொருவர் ஏற்காத இரு தரப்பும் ஒரே மனிதரையும் அவரைச் சூழ்ந்த பெருங்கூட்டத்தையும் குறிப்பிடும்போது, அந்தச் சான்றின் எடை கூடுகிறது.

மிஷனரிமாரின் நடையைப் படித்து நம்மவர் சிலர் புண்படுகிறார்கள். புண்படுவது இயல்பே. ஆயினும் அந்தப் பக்கங்களை மறைக்காமல் படியெடுத்துத் தாங்கலில் வைப்பதே நல்லது.

சுவாதித் திருநாள் பெரிய இசை மேதை என்று எங்கள் பள்ளியில் படித்தோம். அவரா இப்படிச் செய்தார்?

ஏடு அரசனைக் கலிநீசன் என்றே குறிக்கிறது. ஆனால் 1829 முதல் 1846 வரை திருவிதாங்கூரை ஆண்டவர் சுவாதித் திருநாள். 1838, 1839 ஆகிய ஆண்டுகள் அவர் ஆட்சிக்குள் வருகின்றன. எனவே அந்தச் சிறை அவருடைய அரசின் சிறை என்பதில் ஐயம் இல்லை. அவர் இயற்றிய கீர்த்தனைகள் இன்றும் நவராத்திரி மண்டபத்தில் ஒலிக்கின்றன. அவற்றின் அழகை மறுக்க வேண்டியதில்லை.

திருவனந்தபுரத்தில் படிக்கும் நம் பிள்ளைகள் அவரைக் கவிஞராக மட்டும் அறிகிறார்கள், சாமித்தோப்பில் வளரும் பிள்ளைகள் அவரை நீசனாக மட்டும் அறிகிறார்கள். ஓர் அரசன் இசையில் மேதையாக இருக்கும்போதே, அவன் நாட்டில் பனையேறியின் ஏணிக்கு வரி வாங்கப்பட்டிருக்கலாம். இரண்டையும் சேர்த்தே சொல்லுங்கள். எதையும் மறைக்காமல் சொன்னால் பிள்ளைகள் புரிந்துகொள்வார்கள்.

அகிலத்திரட்டு எழுதிய ஆண்டு 1841 என்று ஒரு புத்தகத்திலும் 1840 என்று ஒரு துண்டறிக்கையிலும் பார்த்தேன். எது சரி?

கொல்லம் 1016 கார்த்திகை 27 என்பதே மரபில் வந்த நாள். மாற்றிக் கணக்கிடும்போதுதான் குழப்பம் வருகிறது. கொல்லம் ஆண்டு ஆவணியில் தொடங்குகிறது. ஆகையால் ஆவணி முதல் மார்கழி நடுப்பகுதி வரை உள்ள நாட்களுக்கு 824ஐக் கூட்ட வேண்டும், அதற்குப் பின் வரும் நாட்களுக்கு 825ஐக் கூட்ட வேண்டும். இக்கணக்கின்படி 1016 கார்த்திகை 27 என்பது 1840 டிசம்பர் ஆகிறது. எல்லா மாதங்களுக்கும் 825ஐயே கூட்டிவிடுவதால் பெரும்பாலான நூல்களில் 1841 என்று அச்சாகிறது.

இதே கணக்கை 1008 மாசிக்குப் போட்டால் 1833 வரும், 1026 வைகாசிக்குப் போட்டால் 1851 வரும். அவற்றில் குழப்பம் இல்லாததன் காரணம் இதுவே. நீங்கள் கல்வெட்டோ அழைப்பிதழோ அச்சிடும்போது கொல்லம் ஆண்டை முதலில் எழுதுங்கள், ஆங்கில ஆண்டை அதன்பின் எழுதுங்கள். மூலத் தேதி இருந்தால், பின்னால் வருகிறவர் திருத்திக்கொள்ள முடியும்.

எங்கள் தாங்கலில் வாசிக்கும் வரிக்கும் அச்சுப் புத்தகத்துக்கும் சில இடங்களில் வேறுபாடு இருக்கிறது. அச்சைப் பார்த்துத் திருத்திவிடலாமா?

தயவுசெய்து திருத்தாதீர்கள். ஏடு 1939இல்தான் முதன்முதலாக அச்சேறியது. அதுவரை ஏறத்தாழ நூறு ஆண்டுகள் ஓலையிலிருந்து ஓலைக்குப் படியெடுத்தே காப்பாற்றப்பட்டு வந்தது. தாமரைக்குளத்துப் பாடம் என்றும் சாமித்தோப்புப் பாடம் என்றும் வேறுபாடுகள் இருப்பதை வாசிப்போர் அறிவார்கள். பதினைந்தாயிரம் வரிகளுக்கு மேல் உள்ள ஒரு நூலைக் கையால் எழுதும்போது சொல் மாறுவதும் அடி முன்பின் ஆவதும் இயற்கை.

உங்கள் தாங்கலின் பாடத்தை உள்ளபடியே ஒரு குறிப்பேட்டில் எழுதி, எதிர்ப்பக்கத்தில் அச்சுப் பாடத்தை எழுதி வையுங்கள். எது மூலத்துக்கு நெருக்கமானது என்பதை எல்லாப் படிகளையும் ஒப்பிட்டுப் பார்க்கிறவர் முடிவு செய்யட்டும். உங்கள் பாட்டனார் வாசித்த ஒரு சொல், வேறெங்கும் அழிந்துபோன பழைய பாடமாக இருக்கவும் கூடும்.

பரணில் ஓர் ஓலைக்கட்டு கிடக்கிறது. தாத்தா ஏடு என்று சொல்வார். துடைத்துப் பூசை அறையில் வைக்கலாம் என்று இருக்கிறோம்.

வைக்கலாம், ஆனால் அதற்கு முன் சில செய்திகள். ஈரத்துணியால் துடைக்க வேண்டாம். மெல்லிய தூரிகையால் தூசியைத் தட்டினால் போதும். ஓலைகள் ஒன்றோடொன்று ஒட்டியிருந்தால் பிரித்து இழுக்காதீர்கள். ஒடியும் ஓலைக்குப் புல் தைலம் தடவி மென்மையாக்குவது சுவடிக் காப்பாளர்களின் வழக்கம். அதை அவர்களைக் கொண்டே செய்வது நல்லது. கயிற்றை அவிழ்ப்பதற்கு முன் ஓலைகளின் வரிசையைக் குறித்துக்கொள்ளுங்கள். பருத்தித் துணியில் சுற்றி, வசம்பு சேர்த்து வைத்தால் பூச்சி அண்டாது. பிளாஸ்டிக் உறையில் போட்டு மூடினால் நம் ஊர் மழைக்காலத்தில் பூஞ்சை பிடித்துவிடும்.

ஒவ்வோர் ஓலையையும் இருபுறமும் பகல் வெளிச்சத்தில் கைப்பேசியால் படமெடுத்து, படத்துக்கு எண் இடுங்கள். நீராடி, முறைப்படி அய்யாவிடம் உத்தரவு கேட்டுவிட்டு எடுக்க வேண்டும் என்று வீட்டுப் பெரியவர்கள் விரும்பினால் அப்படியே செய்யுங்கள். அதனால் எதுவும் கெட்டுவிடாது. திருவனந்தபுரத்துக்கு அருகே காரியவட்டத்தில் கேரளப் பல்கலைக்கழகத்தின் கீழ்த்திசை ஆய்வு நிறுவனமும் சுவடி நூலகமும் இருக்கின்றன. சென்னையில் அரசினர் கீழ்த்திசைச் சுவடி நூலகம் இருக்கிறது. சுவடியைக் கொடுக்க மனமில்லாதவர்கள் படங்களை மட்டுமாவது கொண்டுபோய்க் காட்டி, அது என்ன நூல் என்று கேட்டு வரலாம். பரணில் கிடப்பது ஏடாகத்தான் இருக்க வேண்டும் என்பதில்லை. வைத்தியச் சுவடியாகவோ வில்லுப்பாட்டாகவோ இருக்கலாம், அதுவும் காக்க வேண்டியதே. எங்கள் பக்கத்துத் தாங்கல் ஒன்றில் கூரை மாற்றும்போது இறக்கி வைத்த கட்டைக் கறையான் தின்றுவிட்டது. வாசித்துக்கொண்டிருந்த பெரியவருக்கு அதன் பிறகு குரலே எழவில்லை. அந்நிலை இன்னொரு வீட்டுக்கு வரக் கூடாது.

நாங்கள் நெய்யாற்றின்கரைப் பக்கம். பிள்ளைகள் மலையாளத்தில் படிக்கிறார்கள், தமிழ் பேசுவார்கள், எழுத்து தெரியாது. ஏட்டை மலையாள எழுத்தில் எழுதிக் கொடுக்கலாமா?

1956 நவம்பர் 1 அன்று அகத்தீசுவரம், தோவாளை, கல்குளம், விளவங்கோடு ஆகிய வட்டங்கள் தமிழ்நாட்டோடு சேர்ந்தபோது நெய்யாற்றின்கரை கேரளத்தில் நின்றுவிட்டது. அன்று முதல் அப்பக்கத்துத் தாங்கல்களில் இக்கவலை இருக்கிறது. என் விடை, எழுதிக் கொடுங்கள் என்பதே. வாசிக்காமல் விடுவதைவிட வேறு எழுத்தில் வாசிப்பது மேல். மலையாளத்தில் ழ, ற, ள, ண எல்லாம் இருக்கின்றன. ந, ன இரண்டுக்கும் ஒரே எழுத்து என்பதால் சொல்லிக்கொடுப்பவர் கூடவே இருந்து ஓசையைக் காட்ட வேண்டும்.

எழுத்து மாறலாம், சொல் மாறக் கூடாது. ஏட்டின் தமிழ் நம் தென் திருவிதாங்கூர்ப் பேச்சுக்கு மிக நெருக்கமானது. பாட்டி பேசும் சொற்கள் பல அதில் அப்படியே இருக்கின்றன. அவற்றை மலையாளச் சொல்லாக மாற்றினால் அம்மானையின் ஓசை உடைந்துவிடும். கார்த்திகையில் நடக்கும் பதினேழு நாள் வாசிப்பில் ஒரு நாளைக்கு ஒரு பக்கம் என்று பிள்ளைகளை வாசிக்க விடுங்கள். எழுத்தை அவர்கள் தாமாகவே கேட்டுக் கற்றுக்கொள்வதை நான் பார்த்திருக்கிறேன்.

என் மகள் கேரள அரசுத் தேர்வுக்குப் படிக்கிறாள். அதில் வைகுண்ட சுவாமிகள் 1836இல் சமத்துவ சமாஜம் தொடங்கினார் என்று இருக்கிறது. தாங்கலில் யாரும் அப்படிச் சொல்லவில்லையே?

தேர்வில் அப்படியே எழுதட்டும், மதிப்பெண் கிடைக்கும். கேரளத்து மறுமலர்ச்சி வரலாற்றை எழுதியவர்கள், பின்னாளில் பதிவுபெற்ற சங்கங்களைத் தொடங்கிய தலைவர்களின் வரிசையில் அய்யாவை முதலில் வைத்தார்கள். அந்த வரிசைக்கு ஏற்ப ஓர் அமைப்பின் பெயரும் ஆண்டும் அவருக்கு அமைந்துவிட்டன. தாங்கல்களில் இப்பெயர் வழங்கி நான் கேட்டதில்லை. நம் மரபு சொல்வது துவையல் தவசு, முத்திரிக் கிணறு, நிழல் தாங்கல் ஆகியவற்றை. சிறையிலிருந்து திரும்பிய பின், எழுநூறு குடும்பங்களை வாகைப்பதியிலும் பின்பு முட்டப்பதியிலும் தங்க வைத்து, நாள்தோறும் மூன்று வேளை குளித்துத் துணி துவைத்து, எளிய மரக்கறி உணவை ஒருவேளை உண்டு வாழச் செய்தாரே, அதுதான் துவையல் தவசு. சமத்துவம் என்று தேர்வுப் புத்தகம் சொல்வது அங்கே வாழ்க்கையாக இருந்தது.

கேரளப் பாடநூலில் அவர் பெயர் இருப்பதே பெரிய செய்தி என்பதையும் சொல்ல வேண்டும். நெய்யாற்றங்கரை அருவிப்புறத்தில் நாராயண குரு 1888இல் சிவனை நிறுவினார், களவங்கோட்டில் 1927இல் கண்ணாடியை நிறுவினார் என்று மகள் படிக்கும்போது, அதற்குப் பல பத்தாண்டுகளுக்கு முன்பே சாமித்தோப்பில் கண்ணாடிமுன் மக்கள் நின்றதை நீங்கள் சொல்லிக்கொடுங்கள்.

அய்யாவின் உண்மையான உருவப்படம் எங்கே கிடைக்கும்? தாங்கலில் பெரிதாக மாட்ட வேண்டும்.

அவர் காலத்தில் வரைந்ததாக உறுதியுடன் காட்டத்தக்க படம் எதுவும் இல்லை. கடைகளில் கிடைப்பவை பிற்கால ஓவியர்களின் கற்பனைகள். வீட்டில் வைத்து வணங்குவதில் குறை இல்லை. ஆனால் தாங்கலின் கருவறையான பள்ளியறையில் கண்ணாடியும் அதன்முன் விளக்கும் இருப்பதே முறை. திருநாமம் சார்த்திய நெற்றியோடும் தலைப்பாகையோடும் வந்து நிற்கிறவர் அதில் காண்பது தன்னையே. கோயில் தெருவில் நடக்கவும் விடப்படாத ஒருவர், பள்ளியறைக்குள் தன் முகத்தையே கண்டு கும்பிட்ட முதல் நாளை எண்ணிப் பாருங்கள். அந்த இடத்தில் ஓவியத்தை மாட்டினால் அந்த நினைவு மறைந்துவிடும். இதை நான் சற்று அழுத்தமாகவே சொல்கிறேன், ஏனெனில் புதிதாகக் கட்டும் தாங்கல்களில் கண்ணாடி சிறுத்தும் படம் பெருத்தும் வருகிறது.

நட்டாலத்துத் தேவசகாயம் பிள்ளைக்கு இவ்வளவு ஆவணங்கள் இருக்கின்றனவே, நமக்கு ஏன் இல்லை?

அவரும் இதே திருவிதாங்கூரில், மார்த்தாண்ட வர்மா காலத்தில் துன்புற்றவர். 1745இல் வடக்கன்குளத்தில் திருமுழுக்குப் பெற்று, 1752 ஜனவரி 14 அன்று காற்றாடிமலையில் சுட்டுக் கொல்லப்பட்டு, கோட்டாறு சவேரியார் ஆலயத்தில் அடக்கம் செய்யப்பட்டார். 2012இல் முத்திப்பேறு பெற்றவராகவும் 2022 மே 15 அன்று புனிதராகவும் அறிவிக்கப்பட்டார். திருச்சபைக்கு மேலிடம் உண்டு, மேலிடத்துக்கு எழுதும் கடிதங்கள் உண்டு, கடிதங்களைக் காக்கும் காப்பகம் உண்டு. புனிதர் பட்டத்துக்கான விசாரணையே சான்றுகளைத் தேடித் திரட்டும் முறையாக அமைந்திருக்கிறது.

நமக்கு அப்படி ஒரு மேலிடம் இல்லை. பதி எனப்படும் ஒவ்வொரு முதன்மை வழிபாட்டிடமும் ஒவ்வொரு தாங்கலும் தன்னளவில் நிற்கிறது. அதனால் நம் சான்றுகள் சிதறிக் கிடக்கின்றன. அவற்றைச் சேர்க்க யாரும் வரமாட்டார்கள், நாமே சேர்த்தாக வேண்டும். ஓலைச்சுவடி பற்றிய விடையை இவ்வளவு விரிவாக எழுதியதற்கு அதுவே காரணம். ஆனால் திருச்சபையிடம் இல்லாத ஒன்று நம்மிடம் இருக்கிறது. ஆண்டுதோறும் பதினேழு நாள் முழு நூலும் உரக்க வாசிக்கப்படுகிறது. எழுத்தறியாத பாட்டிக்கும் சிறைப் பகுதி மனப்பாடமாகத் தெரியும்.

அய்யா வழி இந்து சமயமா, தனிச் சமயமா?

அரசுக் கணக்கெடுப்பில் நாம் இந்துக்களாகவே எண்ணப்படுகிறோம். தனிச் சமயமாக அறிவிக்க வேண்டும் என்று கோருகிறவர்களும், அதை விரும்பாதவர்களும் நம்மிடையே இருக்கிறார்கள். ஏட்டில் திருமாலும் சிவனும் வருகிறார்கள். உருவ வழிபாடு, பலி, காணிக்கை ஆகியவற்றை விலக்கும் கட்டளைகளும் வருகின்றன. இரு தரப்பாரும் தமக்கு உகந்த வரியை எடுத்துக்காட்ட இயலும். நினைவைக் காக்கும் வேலைக்கு இவ்வழக்கு தீர வேண்டும் என்ற தேவை இல்லை. எந்தத் தரப்பினர் ஆனாலும் வாசிப்பில் ஒன்றாகவே அமர்கிறோம்.

அய்யாவை ஒரு சாதியின் தலைவர் என்று பதாகை வைக்கிறார்கள். அதில் தவறு என்ன, அவர் அந்தச் சாதியில் பிறந்தவர்தானே?

பிறந்தவரே. அந்த மக்களைச் சான்றோர் என்று அழைத்து, அவர்கள் பட்ட துன்பத்தை ஏடு ஆயிரக்கணக்கான வரிகளில் பாடுகிறது, அதை ஒருபோதும் மழுப்பக் கூடாது. ஆனால் புலியைப் பற்றிய விடையின் இறுதியில் நான் சொன்ன இடத்தை மீண்டும் நினைத்துப் பாருங்கள். தன் சாதியாரோடு மட்டும் இருந்துகொள்வதாக எழுதித் தரச் சொல்லி அரசு கேட்டதற்குத்தான் அவர் இணங்கவில்லை. அன்று சிறையில் இருந்தபடி அவர் எழுதித் தராததை நாம் இன்று பதாகையில் எழுதலாமா?

அவர் பிடிபட்டபோது அரசரிடம் அவருக்காகப் பரிந்து பேசியவராக ஏடு காட்டும் பூவண்டர், ஆயர் குலத்தவர். பூவண்டரை விட்டுவிட்டுச் சிறைக் கதையைச் சொல்லவே இயலாது.

நூற்றுத் தொண்ணூறு ஆண்டுக்கு முந்தைய கொடுமையைப் பிள்ளைகளிடம் சொன்னால் பகை வளராதா? இப்போது எல்லோரும் ஒற்றுமையாகத்தானே இருக்கிறோம்?

என்னிடம் இதைக் கேட்டவர்களில் துன்புற்ற குடும்பத்தாரும் உண்டு, அன்று அதிகாரத்தில் இருந்த குடும்பத்தாரும் உண்டு. இருவருடைய அச்சத்தையும் நான் மதிக்கிறேன். ஆனால் ஏடு வாசிக்கக் கேட்டு வளர்ந்த பிள்ளை எவனும் அண்டை வீட்டாரைப் பகைத்ததாக நான் அறியேன். தாழக் கிடப்பாரைத் தற்காப்பதே தர்மம் என்ற வாக்கையும் அவன் அதே வாசிப்பில் கேட்கிறான். கொடுமையை விட்டுவிட்டு வாக்கை மட்டும் சொன்னால், யார் தாழக் கிடந்தார்கள், யார் தாழ வைத்தார்கள் என்பது அவனுக்குத் தெரியாமல் போகும். அப்போது அந்த வாக்கு அவனுக்கு வெறும் பொன்மொழியாகிவிடும்.

வாசிக்கத் தெரிந்த எங்கள் பெரியப்பாவுக்கு எண்பது வயது கடந்துவிட்டது. அவருக்குப் பின் யாரும் இல்லை. இப்போதே என்ன செய்யலாம்?

அவர் வாசிப்பதை முழுவதுமாகப் பதிவு செய்யுங்கள். பதினேழு நாளும் ஒலிபெருக்கியில் வருவதைப் பதிவு செய்தால் இரைச்சலே மிஞ்சும். தனியே ஓர் அறையில், மின்விசிறியை நிறுத்திவிட்டு, அவருக்கு இயன்ற அளவு நாளுக்கு அரைமணி நேரம் என்று எடுங்கள். அவர் இருமினாலும் தவறவிட்டுத் திரும்ப வாசித்தாலும் வெட்ட வேண்டாம். பாட்டின் இடையே நிறுத்தி, இந்த வரிக்கு என் ஆசான் இப்படிப் பொருள் சொன்னார் என்று அவர் சொன்னால் அதையும் விடாமல் எடுங்கள். பெரும்பாலும் அச்சுப் புத்தகத்தில் கிடைக்காத செய்தி அங்கேதான் இருக்கும். யாரிடம் கற்றார், எந்தப் படியைப் பார்த்து வாசித்தார், எந்தெந்தத் தாங்கல்களில் வாசித்தார் என்பதை முதல் நாளே கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். பதிவை மூன்று இடங்களில் வையுங்கள், அவற்றில் ஒன்று உங்கள் ஊருக்கு வெளியே இருக்கட்டும்.

கூடவே ஒரு சிறுவனையோ சிறுமியையோ அவர் அருகில் உட்கார வையுங்கள். கார்த்திகை வர இன்னும் சில மாதங்கள் இருக்கின்றன. சிறைப் பகுதியை மட்டுமாவது இந்த ஆண்டு அந்தப் பிள்ளை வாசிக்கட்டும். பெரியப்பா பக்கத்தில் இருந்து அடி எடுத்துக் கொடுப்பார்.